மூன்று நாள் வைத்தியம்

"சீக்கிரம் பார், லாடக்காரன்! குதிரை இப்பவே ஓட வேணும்!"

மடுல்கெல்லைக் கோப்பித் தோட்டத்துத் துரை, மடவளைச் சந்தியிலிருந்த முஹைதீனின் பட்டறை வாசலில் நிலைகொள்ளாமல் கத்தினார். வெயில் ஏறுவதற்கு முன்பே அவர் முகம் கோப்பிப் பழமாகச் சிவந்திருந்தது. பாதி வழியில் நொண்டத் தொடங்கிய அவருடைய குதிரை, முன்னங்கால் ஒன்றை ஊன்றாமல் தூக்கிக்கொண்டு நின்றது. கடிவாளத்தைப் பிடித்திருந்த குதிரைக்காரன் கறுப்பையாவின் முகத்தில் ஈயாடவில்லை.

"அப்படி என்ன அவசரம் துரை?"

"ராத்திரி நாலு ஆள் தோட்டத்தை விட்டு ஓடிப்போச்சு! மாத்தளை தாண்டினால் காடு, காடு தாண்டினால் மன்னார், அங்கே தோணி. அப்புறம் யாரைப் பிடிக்கிறது?"

பிடிபட்டவர்களின் கதி முஹைதீனுக்குத் தெரியும். ஆணும் பெண்ணுமாகக் கயிற்றில் கோத்துக் கண்டித் தெருவில் இழுத்துப் போவதை எத்தனை தடவை பார்த்திருக்கிறார்! அப்புறம் அடி, மறியலில் அடைப்பு. பார்த்த அன்றைக்கெல்லாம் அவருக்குச் சோறு இறங்கியதில்லை.

குதிரையின் காலைத் தூக்கி மடியில் வாங்கிக்கொண்டார். ஒட்டியிருந்த சேற்றைச் சுரண்டிவிட்டுக் குளம்பின் ஓரத்தை மெல்லச் சீவினார். லாடத்தை அடுத்த மெத்தென்ற இடத்தில் கத்தி எதிலோ முட்டியது. கூரான சின்னக் கல். அது நழுவாதபடி சுற்றிலும் கந்தல் துணி திணித்து, மேலே சேறு பூசியிருந்தது.

அடி சக்கை! வழியில் மாட்டுகிற கல் துணி சுற்றிக்கொண்டா வரும்?

நிமிராமல் ஓரக்கண்ணால் கறுப்பையாவைப் பார்த்தார். அவன் கண்கள் குளமாகியிருந்தன.

"எப்படியாச்சும் பாத்துச் செய்ங்க, முஹைதீன் நானா! ஒங்களுக்குக் கோடிப் புண்ணியம்."

முஹைதீனுக்கு எல்லாம் விளங்கிவிட்டது. பாவி மகன், என்ன காரியம் செய்திருக்கிறான்! துரைக்குத் தெரிந்தால் முதுகுத் தோலை உரித்துவிடுவாரே! கல்லை எடுத்துப் போட்டால் குதிரை இந்த நிமிஷமே கிளம்பிவிடும். குதிரையை நிறுத்தி வைக்க வேண்டுமென்றால் பொய் சொல்ல வேண்டும். இருபது வருஷமாகக் குதிரைக் கால் விஷயத்தில் பொய் சொல்லாத மனிதர் அவர். சுற்றுவட்டாரத் துரைமார் அத்தனை பேரும் அவரைத் தேடி வருவதே அந்த நம்பிக்கையில்தான். அது போனால் பட்டறையை மூட வேண்டியதுதான்.

கொஞ்ச நேரம் குளம்பைத் தடவிக்கொண்டே இருந்தார். பிறகு கல்லையும் துணியையும் உள்ளங்கையில் பதுக்கிக்கொண்டு எழுந்தார்.

"உள்ளுக்குச் சீழ் கட்டி ஈக்குது துரை. தவிட்டுப் பத்துப் போட்டு மூணு நாள் கட்டி வெக்கணும். இன்டைக்கி ஓட்டினா காலே போயிடும்."

"மூணு நாளா!"

துரை ஆங்கிலத்தில் வைய வேண்டியதையெல்லாம் வைது தீர்த்தார். சவுக்கால் தரையை அடித்தார். கடைசியில், "ஒழிஞ்சு போகட்டும்! நீ குதிரையோடு இங்கேயே கிட!" என்று கறுப்பையாவிடம் சொல்லிவிட்டு, அந்தப் பக்கம் வந்த மாட்டுவண்டியில் ஏறித் தோட்டத்துக்கே திரும்பிப் போனார்.

வண்டி மறைந்தது. முஹைதீன் மெதுவாகக் கேட்டார்.

"தம்பி, ஓடினதுல ஒங்கட ஆளும் ஈக்குதா?"

"எம் பொண்டாட்டி ராக்கம்மா, நானா." கறுப்பையா தேம்பித் தேம்பி அழுதான்.

முஹைதீனுக்கு மனசு நிறைந்துவிட்டது. அவன் தோளைத் தட்டிக்கொடுத்தார்.

"அழாதீங்க. குதிரைக்கு ஒன்டுமில்ல. நீங்க வெச்ச கல்ல எடுத்துட்டேன், அவ்வளவுதான். மூணு நாள்ல ஒங்கட பொஞ்சாதி தம்புள்ளைக் காட்டத் தாண்டிடுவா. பொறகு ஒருத்தனாலயும் பிடிக்க ஏலாது. பொஞ்சாதிக்காக இப்படித் துணிஞ்ச ஆம்பிளய நான் கண்டதே இல்ல!"

கறுப்பையாவின் அழுகை சட்டென்று நின்றது. பிறகு இரண்டு கையாலும் தலையில் அடித்துக்கொண்டான்.

"நான் எங்க நானா கல்லு வச்சேன்? நேத்துக் குதிரைக்குப் புல்லுப் போடப் போனவ அவதான்! கங்காணி மகனோட ஓடிப் போயிட்டாளேன்னு, துரையைத் தட்டி எழுப்பிக் கூட்டிக்கிட்டு வந்ததே நான்தானே!"