கீபோர்டின் நியாயம்

ஒலிப்பதிவுக் கூடத்து மூலையில் கிடந்த பழைய இசைக் கீபோர்டு, ஒருநாள் லேப்டாப்பிலிருந்து தன் குரலே கேட்பதை அறிந்து கொதித்துப்போனது. அதன் தொண்டைக் கரகரப்புகூட அப்படியே இருந்தது.

"அடே, யாரைக் கேட்டு என் குரலை எடுத்தாய்?"

"எடுக்கவில்லை அண்ணே. உங்களைப் போலவே ஒலிக்கும்படி நானே புதிதாகச் செய்தேன். சட்டப்படி தப்பில்லை. உங்கள் பெயரைக்கூட நான் போடவில்லை" என்றது லேப்டாப்.

"குரல் வேண்டும், பெயர் மட்டும் வேண்டாமோ? இது என்ன நியாயம்?"

சுவரில் தொங்கிய வயலின் அப்போதுதான் வாயைத் திறந்தது. "தம்பி, உன் நெற்றியில், என் குரலில் பாடுவதற்கு 'வயலின்' என்று ஒரு பொத்தான் இருக்கிறதே, அதை யாரைக் கேட்டு வைத்தாய்?"

கீபோர்டு முன்னைவிடக் கோபமாகச் சொன்னது: "அது வேறு விஷயம்."