கதவில் காய்ந்த பசை

மனைவி கத்தியின் முதுகால் கதவைச் சுரண்டிக்கொண்டிருந்தாள்.

ஒரு மாத வெளியூர் வேலை முடிந்து அப்போதுதான் வந்து இறங்கியவர், தோள்பையைக்கூடக் கீழே வைக்காமல் கதவைப் பார்த்தார். கண்மட்டத்தில், ஒரு பெரிய தாளின் நான்கு மூலைகள் போல, உள்ளங்கை அகலத்துக்கு நான்கு வெள்ளைத் திட்டு. நடுவில் ஒன்றுமில்லை.

வேறு யாராக இருந்தாலும் அக்கம்பக்கத்து வாண்டுகளை நாலு திட்டு திட்டிவிட்டு உள்ளே போயிருப்பார்கள். இவர் கதவை நெருங்கினார்.

விரலால் தொட்டுப் பார்த்தார். கல்லாக இறுகியிருந்தது.

அரசாங்கத்துக்கு ஓர் இடம் வேண்டுமென்றால், அங்கே குடியிருப்பவர்களை நினைத்த மாத்திரத்தில் துரத்திவிட முடியாது. கதவில் நோட்டீஸ் ஒட்ட வேண்டும். ஆட்சேபம் சொல்ல அவகாசம் தர வேண்டும். சொன்னவர்களைக் கூப்பிட்டு விசாரிக்க வேண்டும். ஒருவரும் வாயைத் திறக்கவில்லை என்றால்தான் இடிக்கிற இயந்திரம் வரும்.

அந்த நோட்டீஸை ஒட்டுவதுதான் இவர் வேலை. தலை நரைக்கும்வரை அதையேதான் செய்திருக்கிறார். ஆபீஸில் இவர் பெயரே ‘பசை’.

தெருவே வேலைக்குப் போயிருக்கிற நேரமாகப் பார்த்துப் போவார். ஒட்டுவார். போட்டோ எடுப்பார். ஈரம் காய்வதற்குள் கிழித்துப் பையில் போட்டுக்கொண்டு அடுத்த கதவுக்கு நகர்ந்துவிடுவார்.

“ஒட்டணும்னுதான்யா சட்டம். ஒட்டியே இருக்கணும்னு எங்க எழுதியிருக்கு?” என்று மேலதிகாரி ஒருநாள் கேட்டார். அன்றைக்கு இவரும் சேர்ந்து சிரித்தார்.

வீடு போனபின் அலறியடித்துக்கொண்டு ஓடிவருகிறவர்களிடம் அந்தப் போட்டோவைக் காட்டுவார்கள். இவரையும் கூப்பிட்டுக் கேட்பார்கள். ஒட்டினேன் என்பார். அதில் பொய் எங்கே இருக்கிறது? சோறும் இறங்கியது, தூக்கமும் வந்தது.

தெருவைத் திரும்பிப் பார்த்தார். எதிர்வீட்டுத் தையல்காரர் கதவில் நான்கு திட்டு. அதற்கடுத்த கதவிலும் நான்கு. அதில் ஒன்றுக்கு ஏதோ குழந்தை சாக்கட்டியால் கண்ணும் மூக்கும் வரைந்துவிட்டிருந்தது. தெருக்கோடி வரைக்கும் ஒரு வீடு தப்பவில்லை.

தன்னை ஏன் திடீரென்று வெளியூருக்கு அனுப்பினார்கள் என்பது அப்போதுதான் உறைத்தது.

பசையின் நிறத்தைப் பார்த்தே அது எப்போது பூசியது என்று சொல்லிவிடுவார். அவகாசம் முடிந்துபோயிருந்தது.

இனி ஆபீஸுக்கு ஓடிப்போய், எங்களுக்கு யாரும் சொல்லவில்லையே என்று கதறலாம். போட்டோவை நீட்டுவார்கள். எந்தக் குரலில் பேசுவார்கள் என்பது முதற்கொண்டு இவருக்குத் தெரியும்.

நடந்ததை நடந்தபடி சொல்லிவிடலாம். சொன்னால், இதுவரை போன எத்தனை தெருக்களுக்குப் பதில் சொல்வது? இரண்டு பிள்ளைகளும் பிறந்து வளர்ந்த வீட்டின் வாசற்படியில் அப்படியே உட்கார்ந்துவிட்டார். அழக்கூட வரவில்லை.

“ஏங்க, முகம் ஏன் இப்படிப் பேயறைஞ்ச மாதிரி இருக்கு? வெறும் பசைதாங்க,” என்றாள் மனைவி. “அன்னைக்குக் காய்ச்சல்னு நான் வேலைக்குப் போகல. கதவைத் தொறந்தா ஒரு தம்பி காகிதத்தைக் கிழிச்சுக்கிட்டு நிக்கிறான். வீடு மாறிப்போச்சுக்கா, மன்னிச்சுக்குங்கன்னு சிரிச்சான். நல்ல வீட்டுப் பிள்ளை போல. குடிக்கத் தண்ணி குடுத்து அனுப்பினேன்.”

அந்தத் தம்பிக்கு வேலை சொல்லிக்கொடுத்தவர் இவர்தான். யாராவது பார்த்துவிட்டால் வீடு மாறிவிட்டது என்று சொல்ல வேண்டும் என்பதையும், சொல்லும்போது சிரிக்க வேண்டும் என்பதையும் சேர்த்தே சொல்லிக்கொடுத்திருந்தார்.