அடைக்கலம்

"புயல் வருதுன்னு பிரெஞ்சு தொரை தந்தி அடிச்சிருக்காரு. இன்னிக்கு ஏரிக்கரைக் காவலெல்லாம் வேணாம். எல்லாரும் நம்ம மாடி வூட்டுக்கு வந்துடுங்கடா!"

பண்ணையார் உலகநாதன் தாமே பாகூர்ச் சேரிக்கு வந்து கூப்பிட்டார். சேரி ஆட்களைத் தம் வாசற்படியைக்கூட மிதிக்கவிடாத மனிதர். ராமாயிக்கு மட்டும் மனம் ஒப்பவில்லை.

"இன்னாடி சந்தேகம்? ஆண்டை நமக்குச் சாமிடி!" என்று புருஷன் முத்துசாமி அவளை இழுத்துப் போனான்.

சாயங்காலம் காற்று ஓய்ந்தது. வெளியே ஓடிப்போய்ப் பார்த்த முத்துசாமி செத்த முகத்தோடு திரும்பினான்.

"குடிசைங்க எல்லாம் தண்ணியில போயிடுச்சு."

"ஏரி ஒடைஞ்சிடுச்சா?"

"ஒடையல. ஆண்டையோட கரும்பு தண்ணியில முங்காம இருக்க, அவரு ஆளுங்க நம்ம பக்கம் கரைய வெட்டி வுட்டிருக்கானுங்க."

உலகநாதன் சிரித்தபடி வந்தார். "உசுரு பொழைச்சீங்களே! கூழு குடிங்க."

ராமாயி கூழை அவர் காலடியில் கவிழ்த்தாள்.

"கரைய வெட்டுனவனுங்களுக்கு ஊத்துங்க, ஆண்டே. பாவம், களைச்சிருப்பானுங்க."