நண்டு வெட்டிய காட்சி

வற்றிப்போன ஏரியைப் பற்றி மீன்கொத்தி ஓர் ஆவணப்படம் எடுத்தது. படத்தொகுப்பு நண்டின் பொறுப்பு. தாகத்தில் சாகும் தன் குஞ்சின் அருகே நாரை அழுவதும் அதில் பதிவாகியிருந்தது.

"இதை மட்டும் வெட்டிடாதே. பார்க்கிறவங்க கலங்கிடுவாங்க" என்றது மீன்கொத்தி.

"நாரையும் பார்க்க வருமே" என்றது நண்டு.

எத்தனையோ படங்களை வெட்டி ஒட்டிப் பேர் வாங்கிய அதன் கொடுக்கு அன்று நாரை அழும் இடத்தில் நின்றுவிட்டது. வைப்பதா எடுப்பதா என்று தவித்து, கடைசியில் அந்தக் காட்சியை வெட்டி எறிந்துவிட்டது.

திரையிட்ட அன்று நண்டு படத்தைப் பார்க்கவில்லை. நாரையின் முகத்தையே பயந்து பயந்து பார்த்துக்கொண்டிருந்தது. படம் முடிந்ததும் நாரை மெல்ல அதனிடம் வந்தது.

"என் பிள்ளையைக் காணோமே? அவன் முகத்தை இன்னொரு தடவை பார்க்கத்தான் வந்தேன்."