சரிபாதி ஆட்டங்கள்

பத்து வருடமாக இருவரும் சேர்ந்து திரட்டிய பழைய வீடியோ கேம்களைப் பிரித்துத் தரச் சொன்னான் தம்பி தணிகைவேல். அண்ணன் குமரகுரு மூன்று நாள் உட்கார்ந்து ஃபைல்களை வகைபிரித்தான். ஒவ்வொரு ஆட்டத்துக்கும் ஒரு மூல ஃபைல் உண்டு. அது இல்லாவிட்டால் அதன் மாற்று வடிவங்கள் ஓடாது. மூலங்களையெல்லாம் தன்னிடம் வைத்துக்கொண்டு, எண்ணிக்கை சரிபாதி வரும்படி மாற்று வடிவங்களை மட்டும் தம்பியின் டிஸ்க்கில் ஏற்றினான்.

தணிகைவேல் அங்கேயே லேப்டாப்பில் செருகிப் பார்த்தான். “ஒண்ணுகூட ஓடலையே?”

“பாதிதானே கேட்ட? எண்ணிப் பாத்துக்க.”

தம்பி டிஸ்க்கைப் பிடுங்கி மேசைமேல் வீசினான். “நீயே வச்சுக்கண்ணே. கூட ஆட ஆளைத் தேடிக்க.”

அவன் செருப்பை மாட்டுவதற்குள், இருவர் ஆடும் ஆட்டங்களாகத் தேடித்தேடி அழிக்கத் தொடங்கியிருந்தான் குமரகுரு.