தங்கப் பதக்கக்காரியின் கண்ணாடி

தொலைக்காட்சித் தொடரில் தர்ஷினிக்கு, படிப்பில் தங்கப் பதக்கம் வாங்கிய மருமகள் வேடம். படித்தவள் என்று தெரிய ஒரு கண்ணாடியை மாட்டியிருந்தார்கள். விளக்கொளி தெறிக்கும் என்று அதில் வில்லை இல்லை. அவளுக்கோ நிஜமாகவே எழுத்து மங்கித் தெரியும். ஓரமாக ஒருவர் வசனத்தைச் சொல்லச் சொல்லப் பேசுவாள்.

வசனம் எழுதும் பரிதி, பையிலிருந்து வேறொரு கண்ணாடியை நீட்டினான். "என் மனைவியோடது." போன வருடம் இறந்துபோனவள், இயற்பியலில் ஆராய்ச்சி செய்தவள்.

அதை மாட்டிக்கொண்டு தர்ஷினி தாளை வாசித்தாள். 'படிச்சு என்னத்தைக் கண்டேன், உங்க காலடிதான் என் பல்கலைக்கழகம்.'

"காதால கேட்டுப் பேசினப்ப உறைக்கல சார். எழுதும்போது உங்களுக்குச் சிரிப்பு வரலையா?"

"எனக்கும் சேர்த்து வீட்ல ஒருத்தங்க சிரிச்சுக்கிட்டிருந்தாங்க."

"கண்ணாடியைக் கழட்டும்மா, வெளிச்சம் அடிக்குது" என்றார் இயக்குநர்.

"வசனத்தை மாத்துங்க, கழட்டுறேன்."

"வேற என்னதான் பேசுவா அந்த மருமக?" இயக்குநர் பரிதியைப் பார்த்தார்.

தர்ஷினியும் பார்த்தாள். "உங்க வீட்ல அவங்க இருந்தா என்ன சொல்லுவாங்க சார்?"

பரிதி தாளைத் திருப்பி வைத்து எழுத ஆரம்பித்தான். விளக்குகள் எரிந்துகொண்டிருந்தன, எல்லோரும் காத்திருந்தார்கள். பக்கம் நிரம்பியது. அவன் தலை நிமிராமல் அடுத்த தாளுக்குக் கையை நீட்டினான்.