நாற்பது கிண்ணங்கள்

1930களின் கசாக் பஞ்சத்தில் செத்தவர்களுக்காக, கரகண்டா நகரின் சிறிய கலைக்கூடம் ஒன்றில் ரௌஷான் விரிப்பு போட்டு நாற்பது வெறும் தேநீர்க் கிண்ணங்களை வைத்திருந்தாள். அதுதான் அவளுடைய படைப்பு.

"பழசை எதுக்கும்மா கெளறுற? எடுத்துரு," என்றார் மேலாளர் போலாத்.

"செத்தவங்கள விருந்துக்குக் கூப்பிட்டது நான், அண்ணே. நான் எழுந்து போகச் சொல்ல மாட்டேன்."

"அப்ப உன் விருந்தாளிங்கள நானே அனுப்பி வைக்கிறேன்."

கசாக் வீடுகளில் விருந்தாளிக்கு அரைக் கிண்ணம்தான் ஊற்றுவார்கள். விளிம்புவரை ஊற்றினால் கிளம்பு என்று பொருள். அன்றிரவு போலாத் நாற்பதையும் தேநீரால் விளிம்புவரை நிரப்பிவிட்டு, கூடத்தைப் பூட்டிச் சாவியைப் பையில் போட்டுக்கொண்டார்.

காலையில் அவரே பூட்டைத் திறந்தார். ரௌஷான் பின்னால் நின்றாள். நாற்பதிலும் தேநீர் பாதியாகக் குறைந்திருந்தது. இன்னும் சூடாக இருந்தது.

வாசலில், போலாத்தின் காலடியில், நாற்பத்தொன்றாவது கிண்ணம் விளிம்புவரை நிரம்பியிருந்தது.